துணி மூட்டையோடு வந்தவரைப் படம் பிடிப்பது எப்படி?

ஹட்டன் பஸ் நிலையத்தைச் சுற்றி நிற்கும் ஓட்டோக்களில் இரண்டிலாவது சே குவேராவின் முகம் இருக்கும். பின்கண்ணாடியில், முருகனுக்கும் விஜய்க்கும் நடுவே, தொப்பியும் நட்சத்திரமுமாகப் பார்த்துக்கொண்டிருப்பார். சே இலங்கைக்கு வந்தவர்தான். 1959 ஓகஸ்டில் ஹொரணைப் பக்கம் யஹலகெலே இறப்பர் தோட்டத்தில் ஒரு மஹோகனிக் கன்றை நட்டுவிட்டுப் போனார். ஆனால் இதே ஹட்டனைத் தன் களமாக்கிக்கொண்டு, 1931இல் தோட்டத் தொழிலாளருக்கென்று ஒரு சம்மேளனத்தை இங்கே தொடங்கி, 1936இல் ஹட்டன் தொகுதியின் உறுப்பினராக அரசாங்க சபைக்கு, அதாவது அந்தக் காலத்து நாடாளுமன்றத்துக்கு, போன கோ. நடேசய்யரின் படத்தை அந்த ஓட்டோக்காரர்களிடம் காட்டினால், "யாரு சேர், ஒங்க தாத்தாவா?" என்று கேட்பார்கள். ஒருவர் கேட்டேவிட்டார்.

அவரிடம் படத்தைக் காட்ட ஒரு காரணம் இருந்தது. நான் படிப்பித்த பிள்ளைகளில் மூன்று பேர், இப்போது கொழும்பில் வீடியோ எடிட்டிங் வேலை செய்பவர்கள், நடேசய்யரைப் பற்றி ஓர் ஆவணப்படம் எடுக்கப்போவதாக வந்து நின்றார்கள். முதல் கேள்வி: "சேர், ஐயரோட போட்டோ எத்தன இருக்கும்?" புத்தகங்களில் திரும்பத் திரும்ப அச்சாகும் ஒரு முகப்படத்தை எடுத்துக் கொடுத்தேன். "வீடியோ?" என்றான் இன்னொருவன். அவர் மேடையில் பேசுவதைக் காட்டும் ஒரு துண்டுப் படத்தைக்கூட நான் பார்த்ததில்லை என்றேன். மூன்று பேருக்கும் முகம் விழுந்துவிட்டது. ஐம்பது நிமிடப் படத்துக்கு ஒரே ஒரு முகப்படம்.

அவர்களுக்குச் சொன்னதை விரித்துத்தான் இதை எழுதுகிறேன். நடேசய்யருக்குப் படம் இல்லாமல் போனது தற்செயல் இல்லை. மலையகத்தில் கமரா யார் கையில் இருந்தது என்று பார்த்தால் அது விளங்கும்.

பொகவந்தலாவையில் புனித மரியாள் தேவாலய வளவில் ஒரு கல்லறை இருக்கிறது. ஜூலியா மார்கிரட் கமரன் என்ற ஆங்கிலேயப் பெண்மணியுடையது. புகைப்படக் கலையின் வரலாற்றை எழுதுகிறவர்கள் அவரைத் தாண்டிப் போகமாட்டார்கள். கணவரின் குடும்பத்துக்கு இங்கே தோட்டங்கள் இருந்ததால் 1875இல் இலங்கைக்கு வந்து, 1879இல் டிக்கோயாவில் இறந்துபோனார். இங்கே இருந்த நாலு வருடத்தில் தோட்டங்களில் வேலை செய்த தமிழர்களையும் அவர் படம் எடுத்தார். அழகான படங்கள். இங்கிலாந்தில் அவர் எடுத்த கவிஞர்களின், அறிஞர்களின் படங்களுக்கெல்லாம் பெயர் உண்டு. இங்கே எடுத்த முகங்களின் பெயர் எந்த அட்டையில் இருக்கிறது?

அவரைத் தவிர ஸ்டூடியோக்களும் இருந்தன. ஸ்கீன், பிளாட்டே போன்ற கொழும்பு நிறுவனங்கள் இலங்கைக் காட்சிகளை அஞ்சலட்டையாக அடித்துக் கப்பல் பயணிகளுக்கு விற்றன. கொழுந்து பறிக்கும் பெண், கூடை, மூக்குத்தி, பின்னால் தேயிலை மலை. 'தமிழ்க் கூலி' என்று கீழே ஒரு வரி. ஒரு படம் பார்த்தால் நூறு படம் பார்த்த மாதிரி. அந்தப் பெண்ணைக் கமராவுக்கு முன்னால் கொண்டுவந்து நிறுத்தியவர் அவளை வேலைவாங்கும் கங்காணியாக இருக்கவேண்டும், எடுக்க விட்டவர் தோட்டத்தை நடத்தும் துரையாக இருக்கவேண்டும். அன்றைக்கு அவளுக்கு முழுநாள் சம்பளமான பேர் விழுந்ததா, பாதிச் சம்பளமான அரைப்பேரா என்பது அட்டையில் இல்லை.

1934இல் வந்த படத்தைத்தான் பிள்ளைகளிடம் அதிகம் சொன்னேன். ஆவணப்படம் என்ற கலையைப் படிக்கிற எவரும் கட்டாயம் பார்க்கிற 'சாங் ஒஃப் சிலோன்'. இயக்கியவர் பெசில் ரைட். காசு கொடுத்தது இலங்கைத் தேயிலைப் பிரசார சபை. தேயிலை விற்கத் தொடங்கிய படம், விற்பனைப் படமாக முடியாமல் கவிதையாகிவிட்டது. நாலு பாகம். விவரணைக்கு, இலங்கையில் சிறையிருந்த ஆங்கிலேயர் ரொபர்ட் நொக்ஸ் 1681இல் எழுதிய புத்தகத்தின் வரிகள். குரல் இலங்கைப் புகைப்படக் கலைஞர் லயனல் வென்ட்டுடையது. மூன்றாம் பாகம் வியாபாரத்தின் குரல்கள் பற்றியது. சந்தை விலைகளும் தந்திச் சத்தமும் கப்பல் சங்கும் ஒன்றன்மேல் ஒன்றாக வந்து விழும். ஒலியை அப்படிப் பயன்படுத்தியதற்காகவே உலகம் முழுக்கத் திரைப்பட மாணவர்கள் இன்றைக்கும் அதைக் கேட்கிறார்கள்.

நானும் கேட்டேன். விலை பேசுகிறவர்களின் குரல் இருந்தது. கொழுந்து எடுக்கிறவர்களின் கை இருந்தது.

படம் எடுக்கப்பட்ட அதே காலத்தில் என்ன நடந்துகொண்டிருந்தது? 1927இன் குறைந்தபட்சச் சம்பளச் சட்டத்தின்படி மலைநாட்டுத் தோட்டங்களுக்கு முதலில் விதித்த நாட்சம்பளம் ஆணுக்கு 54 சதம், பெண்ணுக்கு 43, பிள்ளைக்கு 32. பிள்ளைக்கும் ஒரு சம்பளம் என்பதைக் கவனிக்கவேண்டும். உலக மந்தம் வந்து தேயிலை விலை விழுந்ததும் அந்தச் சதங்களிலும் கைவைத்தார்கள். அதற்கு எதிராக ஹட்டனில் இருந்து கத்திக்கொண்டிருந்தவர் நடேசய்யர். இந்தப் பக்கம் சம்பள வெட்டு, அந்தப் பக்கம் பிரசாரப் படத்துக்குக் காசு. இரண்டுமே தேயிலைத் தொழிலின் கணக்குத்தான். தமிழ்ப் படம் பேசத் தொடங்கியதும் அவருடைய சம்மேளனம் தொடங்கியதும் ஒரே ஆண்டு, 1931. பேசும் படம் என்ற கருவி கைக்கெட்டும் தூரத்தில் இருந்தது. ஆனால் தோட்டத்துக்குள் அதைக் கொண்டுபோகக்கூடியவர்கள் துரைமாரின் விருந்தாளிகள் மட்டும்தான்.

விருந்தாளியாக இல்லாமல் உள்ளே போக முயன்ற ஒருவரின் கதைதான் நடேசய்யரின் கதை.

தஞ்சாவூர்க்காரர். அங்கே வியாபாரிகளுக்காகப் பத்திரிகை நடத்தியவர். 1920ஐ ஒட்டி இலங்கையில் வந்து தங்கியபோது அவருக்கு இருந்த தொழில் பேனா மட்டும். தோட்டங்களில் என்ன நடக்கிறது என்று பார்க்க விரும்பினார். பார்ப்பது அவ்வளவு லேசில்லை. தோட்டம் தனியார் காணி. ரோட்டை விட்டு உள்ளே காலெடுத்து வைத்தால் அத்துமீறிப் பிரவேசித்ததாக வழக்கு வரும். லயம் என்ற வரிசை வீடுகளில் இருக்கிறவருக்குச் சொந்த அண்ணன் வந்தாலும் துரைக்குத் தெரியவேண்டிய காலம். அப்படிப்பட்ட தோட்டத்துக்குள் கேள்வி கேட்காமல் விட்டது ஒரு வகையாரைத்தான்: சம்பளத்தன்று வரும் புடவை வியாபாரிகள். நடேசய்யர் துணி மூட்டையைத் தோளில் போட்டுக்கொண்டு புடவை வியாபாரியாக உள்ளே போனார் என்பது மலையகத்தில் எல்லோரும் சொல்லும் கதை. அவருடைய வாழ்க்கையைத் தேடி எழுதிய சாரல் நாடனும் அதைப் பதிந்திருக்கிறார். லயத்து இஸ்தோப்பில், அதாவது முன்திண்ணையில், உட்கார்ந்து சேலையை விரித்துக் காட்டியபடியே சம்பளம் எவ்வளவு, கடன் எவ்வளவு, கங்காணி எவ்வளவு பிடிக்கிறான் என்று கேட்டுத் தெரிந்துகொண்டு, வெளியே வந்து எழுதினார்.

நான் பிள்ளைகளிடம் சொன்னது இதுதான்: அவர் செய்ததே ஆவணப்பட வேலை. கமரா இல்லை, அவ்வளவே. மறைந்து போவது, ஆட்களைப் பேசவைப்பது, கணக்கு எடுப்பது, வெளியில் கொண்டுவந்து காட்டுவது. புரட்சிக்காரர் ஒருவரின் வாழ்க்கையைப் படமாக்குகிறோம் என்று நினைத்துத் தொடங்கினால் துப்பாக்கியும் சிறையும் தேடுவீர்கள், இவரிடம் அது அதிகம் கிடைக்காது. தமிழ்நாட்டு சினிமா போஸ்டர்களில் 'புரட்சி' என்ற சொல் பட்டபாட்டைச் சொல்லத் தேவையில்லை. துரை வந்தால் செருப்பைக் கழற்றி, குடையை மடக்கி ஓரமாக நிற்கவேண்டியிருந்த இடத்தில், ஒரு தொழிலாளியின் கடன் கணக்கை அச்சில் போட்டது எவ்வளவு பெரிய காரியம் என்று பார்க்கிறவருக்கு விளங்கவைத்தால் போதும்.

அதை விளங்கவைக்க இரண்டு விஷயங்களைப் படம் சொல்லியே ஆகவேண்டும். ஒன்று கங்காணி முறை. கங்காணி ஆள்பிடித்துக் கொண்டுவந்தவர். அதே ஆட்களை வேலைவாங்குகிறவரும் அவரே, அவர்களுக்குக் கடன் கொடுத்தவரும் அவரே. தன் கூட்டத்தில் இருந்து வேலைக்கு இறங்கும் ஒவ்வொரு தலைக்கும் அவருக்குக் காசு உண்டு. ஊரில் இருந்து கிளம்பும்போதே வழிச்செலவு கடனாக ஏறிவிடும். தோட்டத்தில் வந்து இறங்கும்போது தொழிலாளி ஏற்கனவே கடன்காரன். இரண்டாவது, துண்டு என்ற முறை. தோட்டம் மாறவேண்டுமென்றால் பழைய தோட்டம் ஒரு துண்டுச் சீட்டுத் தரவேண்டும். அதில் அவனுடைய கடன் எழுதியிருக்கும். புதிய தோட்டம் அந்தக் கடனைக் கட்டி ஆளை எடுக்கும். ஆளோடு கடனும் மாறும். துண்டு முறையை 1921இல் ஒழித்தார்கள். கடன் அதோடு ஒழிந்துவிடவில்லை.

இதை வைத்துப் பார்த்தால் நடேசய்யரின் எதிரிகள் வெள்ளைக்காரத் துரைமார் மட்டும் இல்லை என்பது தெரியும். பெரிய கங்காணிமாரில் பலர் அவரை வெறுத்தார்கள். அவர்களும் தமிழர்கள். கோவில் கட்டியவர்கள், திருவிழா எடுத்தவர்கள், பிற்பாடு அரசியலில் இருந்த சில குடும்பங்களின் முன்னோர்கள். ஆவணப்படக்காரர்கள் சறுக்குகிற இடம் இது. வெள்ளைத்தொப்பி போட்ட துரையை வில்லனாகக் காட்டுவது எவருக்கும் சுலபம். இன்றைக்குத் திரையரங்கில் முன்வரிசையில் உட்காரப்போகும் பெரிய மனிதரின் தாத்தாவைப் பற்றிப் பேசுவது அப்படி இல்லை.

சரி, படத்துக்கு என்ன பொருள் இருக்கிறது? கொஞ்சம் தேடினால் நிறையவே இருக்கிறது. பெரும்பாலும் காகிதம்.

முதலில் அவருடைய பத்திரிகைகள். 1920களில் தேசநேசனும் தேசபக்தனும் நடத்தினார். இலங்கையில் தோட்டத் தொழிலாளியின் பிரச்சினையைச் செய்தியாக்கிய தமிழ்ப் பத்திரிகைகள் என்று அவற்றைத்தான் முதலில் சொல்லவேண்டும். வாசிக்கத் தெரிந்தவர்கள் தோட்டத்தில் குறைவு. ஒருவர் வாசிக்க, சுற்றி இருந்து பத்துப் பேர் கேட்பது வழக்கம். படத்தில் பத்திரிகையின் பக்கத்தைக் காட்டி மெல்ல 'சூம்' செய்வதுதான் எல்லோரும் செய்வது. அதைவிட, இன்றைக்கு ஒரு லயத்து இஸ்தோப்பில் நாலு பேரை உட்காரவைத்து, பழைய இதழ் ஒன்றை ஒருவர் வாய்விட்டு வாசிக்க, கேட்கிறவர்களின் முகத்தை எடுத்தால் அந்தப் பத்திரிகை எப்படி வேலை செய்தது என்று தெரியும். 54 சதத்தைக் கேட்டு ஒரு கிழவி சிரிப்பாள். இன்றைய நாட்சம்பளத்தைப் பற்றி ஏதாவது சொல்லுவாள். அதற்குமேல் விவரணை எதற்கு?

அடுத்தது சபைப் பதிவுகள். 1925இல் சட்ட நிரூபண சபைக்குள் போனார். பின்னால் 1936 முதல் அரசாங்க சபையில் ஹட்டன் உறுப்பினர். அங்கே அவர் பேசியது ஆங்கிலத்தில் ஹன்சார்ட் என்ற சபைப் பதிவேட்டில் இருக்கிறது. இடையில் குறுக்கிட்டவர்கள் யார், என்ன சொன்னார்கள் என்பதும் இருக்கிறது. ஹன்சார்ட் ஒரு நாடகப் பிரதி மாதிரி. நாடகக்காரர்கள் இரண்டு பேர் கிடைத்தால் மேசையில் உட்கார்ந்து வாசிக்கவிட்டாலே சபை கண்முன்னால் வரும். தோட்டத்துரைமார் சங்கத்தின் அறிக்கைகளும், அவரைக் 'கிளர்ச்சிக்காரர்' என்று பார்த்த அரசாங்கத்தின் கோவைகளும் வேறு. எதிரி எழுதிவைத்த குறிப்புத்தான் சில நேரம் நல்ல சாட்சி. குமாரி ஜயவர்தன போன்ற ஆய்வாளர்கள் இலங்கைத் தொழிலாளர் இயக்கத்தின் கதையை இப்படியான பதிவுகளைப் புரட்டித்தான் எழுதினார்கள்.

மூன்றாவது, எனக்கு மிகப் பிடித்தது, மீனாட்சியம்மை. நடேசய்யரின் மனைவி. கூட்டத்துக்கு முன்னால் பாடுவார். பாரதியின் பாட்டையும் பாடுவார், தானே எழுதிய பாட்டையும் பாடுவார். அப்போது சனத்தின் வாயில் இருந்த மெட்டுகளிலேயே தொழிலாளரின் கஷ்டத்தை வைத்துப் பாட்டுக் கட்டி, சிறு பிரசுரமாக அடித்துக் கொடுத்தார். எழுத்துத் தெரியாத கூட்டத்துக்குப் பேச்சு மறந்துபோகும், பாட்டு ஒட்டிக்கொள்ளும். 1930களில் ஒரு பெண் தோட்டப்புற மேடையில் ஏறி அரசியல் பாட்டுப் பாடினாள் என்பதை யோசித்துப் பாருங்கள். பிள்ளைகளின் திரைக்கதையில் மீனாட்சியம்மை 'மனைவியும் உறுதுணையாக இருந்தார்' என்ற ஒரு வரியில் வந்து போயிருந்தார். அந்த வரியைச் சிவப்புப் பேனாவால் அடித்தேன். பழைய வாத்தியார் பழக்கம்.

என் அபிப்பிராயத்தில் அந்தப் படத்தின் முதுகெலும்பே அவருடைய பாட்டுத்தான். பாட்டு காகிதத்தில் இருக்கிறது, பாடிய குரல் போய்விட்டது. ஆனால் மலையகத்தில் பாடத் தெரிந்தவர்களுக்குப் பஞ்சமா? மாசி மாதம் காமன் கூத்தில் விடிய விடியப் பாடுகிற அண்ணன்மார் தோட்டத்துக்குத் தோட்டம் இருக்கிறார்கள். அந்தச் சொற்களை அவர்களிடமும், கொழுந்து மலையில் பாடுகிற அக்காமாரிடமும் கொடுத்து, "இத எந்த மெட்டுல பாடுவீங்க?" என்று கேட்டு, அவர்கள் தேடுவதையே படம் எடுக்கலாம். தவறிப்போய், திரும்ப ஆரம்பித்து, ஒரு மெட்டில் போய் உட்காரும் அந்தப் பத்து நிமிடத்தை வெட்டாமல் வைக்கவேண்டும்.

நடிப்புக் காட்சி வைக்கலாமா என்றும் கேட்டார்கள். கோட்டுப் போட்ட ஒருவரைத் துணி மூட்டையோடு தேயிலைக்குள் நடக்கவிட்டு, மங்கலாக எடுத்து, பின்னால் வயலின் போடுவது. எனக்கு அதைக் கேட்டதும் அலுப்புத் தட்டியது. நடேசய்யரே ஒரு நாடகம் எழுதியிருக்கிறார். 'தொழிலாளர் அந்தரப் பிழைப்பு', 1937இல் வந்தது. சிறுகதையும் எழுதினார். இராமசாமி சேர்வையின் சரிதத்தை மலையகத்தின் முதல் சிறுகதை என்று சொல்கிறவர்கள் உண்டு. அவரே எழுதிவைத்த நாடகம் இருக்கும்போது அவரை நடிக்க ஆள் தேடுவானேன்? தோட்டத்து இளைஞர் மன்றத்துப் பிள்ளைகளை அந்த நாடகத்தில் ஒரு காட்சியை ஒத்திகை பார்க்கவிடுங்கள், அதை எடுங்கள் என்றேன். ஒருவன் ஒத்துக்கொண்டான். மற்ற இரண்டு பேரும் வயலினை விடவில்லை.

காகிதம் இருக்கிறது, பாட்டு இருக்கிறது. இல்லாமல் போனவை சாட்சிகள். அவர் பேச்சைக் கேட்டவர்கள் இன்றைக்கு இருந்தால் தொண்ணூறைத் தாண்டியிருப்பார்கள். அது இயற்கை. இயற்கையல்லாத காரணமும் ஒன்று உண்டு. 1948இன் பிரசாவுரிமைச் சட்டம் இந்தச் சனத்தை நாடற்றவர்களாக்கியது. 1964 ஒக்டோபரில் இலங்கைப் பிரதமர் சிறிமாவும் இந்தியப் பிரதமர் சாஸ்திரியும் போட்ட ஒப்பந்தம் 5,25,000 பேரை இந்தியாவுக்கு என்றும் 3,00,000 பேரை இலங்கைக்கு என்றும் பங்கு பிரித்தது. மீதி 1,50,000 பேரைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்று விட்டார்கள். தலைமன்னாரில் கப்பல் ஏறி இராமேஸ்வரத்தில் இறங்கியவர்கள் நீலகிரியில், கூடலூரில், கோத்தகிரியில் போய்ச் சேர்ந்தார்கள். அங்கேயும் தேயிலை. நடேசய்யரின் கூட்டத்துக்குப் போய் வந்த தாத்தாவின் கதை ஹட்டனில் கிடைக்காமல் கோத்தகிரியில் கிடைக்கலாம். ஒரு தலைவரின் ஞாபகத்தை அவர் பேசிய ஊரிலேயே தேடமுடியாதபடி சட்டம் போட்டுச் சிதறடித்திருக்கிறார்கள். பட்ஜெட்டில் இந்தியப் பயணத்தையும் சேர்த்துக்கொள்ளச் சொன்னேன். அவர்கள் பட்ஜெட்டில் ஹட்டன் பயணமே கடனில்தான் ஓடுகிறது என்பது அப்புறம் தெரிந்தது.

இடங்களும் மாறிவிட்டன. மவுசாக்கலை அணை கட்டியபோது பழைய மஸ்கெலியா நகரமே தண்ணீருக்குள் போனது. வரட்சியில் நீர் இறங்கினால் பழைய கோவிலும் பள்ளிவாசலும் விகாரையும் தலைகாட்டும். சனம் பஸ் பிடித்துப் போய்ப் பார்த்துவிட்டு வரும். காசல்ரீ நீர்த்தேக்கத்துக்குக் கீழேயும் பழைய ரோடுகள் கிடக்கின்றன. அந்தக் காலத்து மேடைகளும் சந்தைகளும் இருந்த மண்ணில் பாதி இப்போது மின்சாரம் எடுக்கும் தண்ணீருக்கு அடியில். அந்தத் தண்ணீரை எடுங்கள் என்று மட்டும் சொன்னேன்.

ஆவணம் யாருக்குச் சேர்கிறது என்பதற்கு இதே மலைகளில் இருந்து ஓர் ஒப்பீடு. மார்க் அன்டனி பிரேஸ்கேர்டில் என்ற வெள்ளைக்கார இளைஞன் 1936இல் மடுல்கலைப் பக்கம் ரெலுகாஸ் தோட்டத்துக்குத் துரைவேலை பழக வந்தான். தொழிலாளர் பக்கம் பேசினான் என்று வேலை போனது. சமசமாஜிகள் என்ற இடதுசாரிக் கட்சிக்காரர்களோடு சேர்ந்தான். 1937 ஏப்ரல் 3ஆம் திகதி நாவலப்பிட்டியில் நடந்த கூட்டத்தில் மேடையேறித் துரைமாரைத் தாக்கிப் பேசினான். தேசாதிபதி ஸ்டப்ஸ் நாடுகடத்த உத்தரவு போட்டார். ஆள் தலைமறைவானான், காலிமுகத்திடலில் பெருங்கூட்டத்துக்கு முன் வந்து நின்றான், பிடிபட்டான், வழக்கு உயர் நீதிமன்றம் போனது. பிரதம நீதியரசர் ஏபிரகாம்ஸ் தலைமையிலான நீதிமன்றம் நாடுகடத்த முடியாது என்று தீர்த்தது. திரைக்கதை தானாக எழுதிக்கொள்கிற மாதிரியான கதை. உத்தரவு, தீர்ப்பு, பத்திரிகைத் தலைப்பு, சபை விவாதம் எல்லாம் திகதியோடு இருக்கின்றன.

மூன்று வருடம் கழித்து, 1940 ஜனவரி 10ஆம் திகதி, ஹேவாஹெட்டப் பக்கம் முல்லோயாத் தோட்டத்தில் வேலைநிறுத்தத்தின்போது பொலிஸ் சுட்டு கோவிந்தன் என்ற தொழிலாளி செத்தார். விசாரணை ஆணைக்குழு இருந்தது. கொல்வின் ஆர். டி சில்வா தொழிலாளர் பக்கம் வாதாடினார். அந்த ஆண்டே தோட்டத்துரைமார் தொழிற்சங்கங்களோடு ஏழு அம்ச உடன்படிக்கைக்கு வந்தார்கள். கோவிந்தனின் சாவு அதற்கு ஒரு காரணம். கோவிந்தன் எப்படிப் பேசுவார், எதற்குச் சிரிப்பார்? எந்தக் கோவையில் தேடுவது? 1977 மே மாதம் தோட்டக் காணியைப் பிரித்துக்கொடுப்பதை எதிர்த்த ஆர்ப்பாட்டத்தில் டெவனில் சுடப்பட்ட சிவனு லட்சுமணனும் அப்படித்தான். கமராக்கள் மலிந்திருந்த காலத்திலும்.

நடேசய்யர் இந்த இரண்டு வகைக்கும் நடுவில் நிற்கிறார். சபையில் பேசியதால் காகிதத்தில் இருக்கிறார். நம்மவர் என்பதால் படத்தில் இல்லை.

அவரைப் பற்றிய படம் எங்கே முடியவேண்டும் என்பதில்தான் பிள்ளைகளோடு நிஜமாகவே சண்டை வந்தது. அவர்களுடைய திட்டத்தில் 1936 தேர்தல் வெற்றியோடு, மாலையோடு, முடிகிறது. அதற்குப் பிறகுதான் எனக்குக் கதையே. 1920களில் கொழும்பில் ஏ. ஈ. குணசிங்கவின் தொழிற்சங்கத்தில் அவருக்கு அடுத்த இடத்தில் இருந்தவர் நடேசய்யர். சிங்களத் தலைவரும் தமிழ்ப் பத்திரிகைக்காரரும் ஒரே மேடையில் நின்ற காலம் அது. சில வருடத்தில் பிரிந்தார்கள். மந்தக் காலத்தில் வேலையில்லாத் திண்டாட்டம் வந்தபோது குணசிங்க இந்தியத் தொழிலாளருக்கு எதிராகத் திரும்பினார். சிங்களப் பார்வையாளருக்கு இந்தப் படத்தைச் சிங்கள உபதலைப்போடு காட்டப்போகிறார்கள் என்றால், அந்த நட்பையும் அந்த முறிவையும் இரண்டையும் காட்டாமல் விடக்கூடாது. முறிவை மட்டும் காட்டினாலும் பிழை.

பிறகு 1939இல் நேரு வந்துபோன சூட்டில் இலங்கை இந்தியன் காங்கிரஸ் பிறந்தது. அதன் தொழிற்சங்கம் 1940இல் தோட்டங்களில் இறங்கியது. சமசமாஜிகளும் ஒரு பக்கத்தால் இறங்கினார்கள். ஒற்றை ஆளாகப் பேனாவும் பேச்சுமாக நின்றவரைவிட, தோட்டத்துக்குத் தோட்டம் தலைவரும் சந்தாவுமாக வந்த அமைப்புகள் பெரிதாகிவிட்டன. கதவைத் திறந்தவர் ஓரமானார். 1947 பொதுத்தேர்தலில் நடேசய்யர் தோற்றார். யாருக்காகப் பேசினாரோ அந்தச் சனத்தின் வாக்கு வேறு பக்கம் போயிருந்தது. அந்த நவம்பரிலேயே செத்துப்போனார். அடுத்த ஆண்டு அந்த வாக்கையே சட்டம் பிடுங்கத் தொடங்கியது. அதைப் பார்க்க அவர் இல்லை.

தோல்வியைக் காட்டினால் தலைவரின் மதிப்புக் குறையும் என்கிறான் மூன்று பேரில் மூத்தவன். தோற்றதை மறைத்தால் அவருக்குப் பிறகு வந்த சங்கங்கள் எங்கிருந்து முளைத்தன என்பதே விளங்காது என்கிறேன் நான். இன்னும் முடிவாகவில்லை.

இடையில் ஒரு நாள் சோதனைப் படப்பிடிப்புக்குப் போனார்கள். ஒரு தோட்டத்தின் பெரட்டுக்களத்தில், விடியற்காலை ஆள்சேர்க்கும் நேரத்தை எடுக்கவேண்டும் என்று. கேட்டடியிலேயே நிறுத்திவிட்டார்கள். கமரா என்றால் நிர்வாகத்தின் எழுத்து மூல அனுமதி வேண்டுமாம், அது கொழும்பில் இருந்து வரவேண்டுமாம். நூறு வருடம் கழித்தும் ரோட்டில் இருந்து ஓர் எட்டு உள்ளே வைக்கச் சீட்டு வேண்டும். "துணி மூட்ட கட்டிக்கிட்டுப் போயிருக்கணும் சேர்," என்றான் இளையவன். அவன்தான் படத்தைச் சரியாக எடுப்பான் என்று எனக்கு அப்போதே தோன்றியது.

படம் எந்தக் காட்சியில் தொடங்கவேண்டும் என்று கடைசியாகக் கேட்டார்கள். திரை இருட்டாக இருக்கட்டும், கணக்கப்பிள்ளை பேர் கூப்பிடுவதும் ஒவ்வொருவரும் பதில் சொல்வதும் மட்டும் கேட்கட்டும், விடிய விடிய முகங்கள் தெரியட்டும் என்றேன். மூவரும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். தேயிலை மலைக்கு மேலே இருந்து மெல்ல இறங்கி வருகிற மாதிரி ஒரு ஷொட் வைத்தால்தான் ஆட்கள் பார்ப்பார்கள் என்று மூத்தவன் பணிவாகச் சொன்னான். அந்த உயரத்தில் இருந்து மலையைப் பார்த்தவர்கள் பங்களாக்காரர்கள் மட்டும்தான் என்று சொல்ல வாயெடுத்தேன். ஆனால் ஞாயிற்றுக்கிழமைக்கு ட்ரோன் பேசி, அட்வான்ஸும் கொடுத்துவிட்டார்களாம். நேற்றில் இருந்து ஹட்டனில் எதிர்வீடு தெரியாத பனிமூட்டம்.